ஜசிந்தாவின் பல்கலை வல்லான்

டோர்ட்மண்ட் நகரின் வடபகுதியில், இருப்புப்பாதைக்கு அப்பாலுள்ள தெருவொன்றின் மூன்றாம் மாடியில் அலோசியஸ் குடும்பத்தார் குடியிருந்தனர். அவ்வீட்டின் அஞ்சற்பெட்டிக்கு மூன்று ஆடவர் பெயரில் கடிதங்கள் வரும். சவிரிமுத்து என்பவருக்கு வெளிநாட்டார் அலுவலகம் எழுதும். அலோசியஸ் என்பவருக்கு மருத்துவமனையின் சலவைக்கூடம் எழுதும். இராசன் என்பவருக்குக் கனடாவிலிருந்து உறவினர் நத்தார் பண்டிகைக்குக் கிறிஸ்து பிறப்பு வாழ்த்து அனுப்புவர். மூவரும் ஒருவரே. மன்னாரிலிருந்து அகதியாய்ப் புறப்பட்ட அலோசியஸ், தம் ஒன்றுவிட்ட தமையனாகிய சவிரிமுத்துவின் கடவுச்சீட்டில் ஜெர்மனியில் வந்திறங்கினார். அலோசியஸ் என்னும் ஞானஸ்நானப் பெயரைச் சட்டப்படி மீட்டுக்கொள்வதற்குள் ஆண்டுகள் பல கழிந்தன. வெளிநாட்டார் அலுவலகத்தின் கோப்பில் மட்டும் பழைய பெயரே நின்றுவிட்டது. இராசன் என்னும் வீட்டுப்பெயரோ அவரைவிட்டு ஒருநாளும் நீங்கியதில்லை.

புதிதாய் வந்த தபாற்காரர் ஒருமுறை, இவ்வீட்டில் எத்தனை ஆண்கள் இருக்கிறார்கள் என்று வாசலில் நின்ற சிறுமியை வினவினார். "ஒருவர்தான். அவருக்குப் பெயர்கள் அதிகம்" என்று அச்சிறுமி ஜெர்மன் மொழியில் விடையிறுத்தாள். அவளே அலோசியஸின் ஒரே மகள் ஜசிந்தா.

சனிக்கிழமை மாலைகளில் தாய் பேர்பெச்சுவா முன்னோத, தந்தையும் மகளும் வழியோத, அவ்வீட்டில் மாதாவின் மன்றாட்டுமாலை நிகழும். கோபுரம் என்றும் வாசல் என்றும் விண்மீன் என்றும் அடுக்கடுக்காய் விளிக்கப்படுபவள் ஒருத்தியே. பெயர் பெருகப் பெருகப் பொருள் ஒருமைப்படும் என்பது ஜசிந்தாவுக்குப் பாலோடு ஊட்டப்பட்ட உண்மை. வழிபாட்டில் அது வழுவா உண்மைதான். ஆராய்ச்சியில் அதுவே அவளை வழிதவறச் செய்தது.

பள்ளியிறுதித் தேர்வில் நன்கு தேறிய ஜசிந்தா, பல்கலைக்கழகத்தில் மருத்துவமோ சட்டமோ கொள்வாள் என்று சுற்றத்தார் எதிர்பார்த்திருந்தனர். அவள் சீனவியலைக் கொண்டாள்.

"சீனமோ?" என்றார் பேர்பெச்சுவா. "படிச்சு முடிச்சு என்ன செய்யப்போறாய்? ரெஸ்ரோரன்ற் திறந்து நூடில்ஸ் கிண்டப்போறியோ?"

"விடும், பேர்பெச்சுவா. ஒரு பாஷை கூடத் தெரிஞ்சால் குறைஞ்சே போகும்?" என்றார் அலோசியஸ்.

"உங்களுக்கு ஜெர்மன் ஒழுங்காத் தெரிஞ்சால் காணும். பிறகு பிள்ளையின்ரை சீனத்தைப் பாப்பம்."

ஜசிந்தா அசையவில்லை. மூன்றாம் ஆண்டில் ஷாங்ஹாய் நகருக்குச் சென்று ஒரு பருவம் கற்றாள். அங்கே நூலகத்தின் குளிர்ந்த அறையொன்றில், மௌனப்படக் காலத்துச் சினிமா இதழ்களைப் புரட்டுகையில் அவனைக் கண்டாள்.

லியாங் யுன்ஷெங் என்பது அவன் பெயர். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் நடிகன். கூடைக்காரனாகவும் குருடனாகவும் நீதிபதியாகவும் திருடனாகவும் நடித்தவன். பின்பு தானே சில படங்களை இயக்கியவன். அவன் தோன்றிய அநேக படங்களில் வேறொரு பெயரும் காணப்பட்டது. 'வடசாளரத்தார்' என்று நாம் தமிழிற் சொல்லத்தக்க புனைபெயர் அது. கதையை அமைத்தவர் வடசாளரத்தார். அரங்கின் பின்னே தொங்கும் சீலைகளில் மலையும் மாளிகையும் தீட்டியவர் வடசாளரத்தார். காட்சிகளுக்கு இடையிடையே உரையாடலைக் காட்டும் எழுத்தட்டைகளைத் தூரிகையால் எழுதியவரும் அவரே.

சீனத்துக் கற்றோர் ஒருவரே பல பெயர் பூணுதல் பழைய வழக்கம். வடசாளரத்தாரின் இயற்பெயரையோ முகத்தையோ எவ்விதழும் காட்டவில்லை. அவரும் லியாங்கும் ஒரே ஊரினர். இருவர் பெயரும் ஒரே ஆண்டில் தோன்றி ஒரே ஆண்டில் மறைந்தன. இவற்றுக்கெல்லாம் மேலாக, இதழொன்றில் அச்சாகியிருந்த லியாங்கின் கையொப்பமும், எஞ்சிய நிழற்படமொன்றிற் கண்ட எழுத்தட்டையும் ஒரே கையின் எழுத்து என்று ஐயமறத் தோன்றியது. ஜசிந்தாவின் உள்ளத்தில் இரு பெயரும் ஒன்றாயின. எழுதி, தீட்டி, நடித்து, இயக்கி, ஈற்றில் மறக்கப்பட்ட பல்கலை வல்லான் ஒருவன் அவள் முன்னே எழுந்து நின்றான்.

பழந்தமிழ்ப் புலவருள்ளும் ஒருவர் பல பெயர் பூண்டதுண்டு. பலர் ஒரு பெயரின்கீழ் மறைந்ததும் உண்டு. முன்னதை நம்புவோர் பின்னதற்கும் சிறிது இடம்வைத்தல் வேண்டும். ஜசிந்தா இடம்வைக்கவில்லை. மூன்று பெயருடைய ஒருவர் நாள்தோறும் சோற்றுக்கோப்பையோடு எதிரில் அமரும் வீட்டில் வளர்ந்தவளுக்கு அது தோன்றவும் இல்லை.

அவளுடைய பேராசிரியை ஓல்டன்டோர்ஃப் அம்மையார் எளிதில் வியப்பவர் அல்லர். அவரே வியந்தார். மகிஸ்டர் என்னும் முதுகலைப் பட்டத்துக்கான ஆய்வேட்டின் தலைப்பு, 'ஷாங்ஹாய் மௌனப்படங்களின் பல்துறைக் கலைஞர் ஒருவர்: லியாங் யுன்ஷெங் என்னும் வடசாளரத்தார்' எனத் தேர்வு அலுவலகத்தில் பதிவாயிற்று. பதிந்த தலைப்பை மாற்ற இயலாது என்பது அவ்வலுவலகத்தின் விதி. ஆய்வேடு நன்றாய் அமைந்தால், தம் பொறுப்பிலுள்ள ஒரேயொரு முனைவர்பட்ட இடத்தை ஜசிந்தாவுக்கே அளிப்பதாக அம்மையார் வாக்களித்தார். அவ்விடம் கிடைத்தால் அவள் வாழ்வு நூலகங்களிலும் படச்சுருள்களிலும் கழியும். கிடைக்காவிடில் சீனம் கற்ற பெண்ணுக்கு அந்நாட்டில் என்ன வேலை உண்டென்பதை அவள் எண்ணிப்பார்க்க விரும்பவில்லை.

மகளினும் மிகுதியாக லியாங்கை நேசித்தவர் அலோசியஸ். அதற்குக் காரணம் இருந்தது. தவக்காலம் வந்துவிட்டால் டோர்ட்மண்ட் தமிழ்க் கத்தோலிக்கருக்காக இயேசுவின் பாடுகளின் காட்சியை மேடையேற்றுபவர் அவரே. வசனம் எழுதுவார். மருத்துவமனை கழித்த படுக்கைவிரிப்புகளை ஒன்றாய்த் தைத்து அவற்றில் ஜெருசலேம் நகரைத் தீட்டுவார். சீடர்களுக்குத் தாடி ஒட்டுவார். பிலாத்துவாய் நின்று கைகழுவுவார். அவரை ஒரு கலைஞர் என்று எவரும் சொன்னதில்லை. ஒலிவாங்கி கரகரத்தால் மட்டும் அனைவரும் அவரைத் திரும்பிப் பார்ப்பர். இத்தகைய மனிதர், எல்லாவற்றையும் தனியொருவனாய்ச் செய்த ஒருவன் சீனத்தில் இருந்தான் என்று மகள் வாயிலாகக் கேட்டபோது, வெகுநாள் தேடிய உறவினனைக் கண்டவர் போலானார்.

"எங்கடை சீனாக்காரன் என்ன சொல்லுறான்?" என்று இரவுணவின்போது கேட்பார். பூசை முடிந்து வெளியில் நிற்போரிடம், "என்ரை மகள் எழுதுற ஆளைத் தெரியுமே? நடிப்பும் அவன், கதையும் அவன், சீலையிலை படம் கீறுறதும் அவன். ஒரு சம்பளம்தான் குடுத்திருப்பாங்கள்" என்பார்.

"அப்ப உங்களைப்போலை எண்டு சொல்லுங்கோ, இராசண்ணை" என்று யாரேனும் கிண்டல் செய்தால், "எனக்கு அந்த ஒரு சம்பளமும் இல்லையே!" என்று சிரிப்பார்.

இரண்டாயிரத்து ஐந்தாம் ஆண்டு ஓகஸ்ட் நடுவில், வழக்கம்போலத் தமிழர் கேவலார் மாதாவின் திருத்தலத்துக்குப் போயினர். கத்தோலிக்கரும் சைவரும் ஆயிரக்கணக்கில் திரளும் நாள் அது. சேலைகளும் பட்டுவேட்டிகளும் நிறைந்த அத்திரளில், அருகிலுள்ள மறைபரப்பு மடத்தைச் சேர்ந்த எங்கல்பெர்ட் என்னும் முதிய சகோதரர் வாகனங்களுக்கு இடங்காட்டிக்கொண்டிருந்தார். அலோசியஸ் காரை நிறுத்திவிட்டு அவரோடு பேச்சுக்கொடுத்தார். அலோசியஸின் பேச்சு எங்கே தொடங்கினும் சீனாக்காரனிடம் சென்று சேரும், அன்றும் சேர்ந்தது. எங்கள் மடத்துக் குருமார் சீனத்தில் இருந்தவர்களாயிற்றே, அவர்கள் கொண்டுவந்த படச்சுருள் ஒன்று மேல்மாடியில் இருக்கிறது, எவரும் பார்ப்பதில்லை என்றார் சகோதரர்.

அலோசியஸ் கூட்டத்தை விலக்கிக்கொண்டு மகளிடம் ஓடினார்.

"பிள்ளை! மாதா தந்திட்டா! சீனப் படம்! இஞ்சை, ஒரு சாமியாரிட்டை!"

"என்ன படம், அப்பா?"

"அதைப் பாத்தால்தானே தெரியும். நான் டெர்மின் கேட்டு நாள் குறிச்சு வைச்சிட்டன்."

செப்டெம்பர் மாதத்தின் ஒரு பிற்பகலில் தந்தையும் மகளும் அம்மடத்துக்குச் சென்றனர். அலோசியஸ் திருமண வீட்டுக்குப் போவதுபோல் கோட்டு அணிந்திருந்தார். உணவறையின் திரைகளை இழுத்துவிட்டு, ஒரு மேசைவிரிப்பைச் சுவரில் தொங்கவிட்டு, சகோதரர் பழைய படக்கருவியை இயக்கினார். சுருளைத் திறந்தபோது புளித்த காடியின் நெடி எழுந்தது. படத்தின் தொடக்கமும் முடிவும் இல்லை. நடுப்பகுதி மட்டுமே எஞ்சியிருந்தது.

அக்காலச் சீனப்படங்களில் ஒரு பாத்திரம் முதன்முதல் தோன்றுங்கால், அதன் பெயரையும் நடிப்பவர் பெயரையும் எழுத்தட்டையிற் காட்டுதல் மரபு. முதல் அட்டை ஒளிர்ந்தது. ஜசிந்தா வாய்விட்டு வாசித்தாள். "அறை தேடி வந்த இளைஞன். நடிப்பவர், லியாங் யுன்ஷெங்."

"அவனேதான்!" என்று அலோசியஸ் எழுந்தே விட்டார். "இருங்கோ, அப்பா" என்று அவர் கோட்டைப் பற்றி இழுத்தாள் மகள். இதழ்களில் மங்கிய புள்ளிகளாய் மட்டுமே கண்டிருந்த முகம் இப்பொழுது புருவத்தை உயர்த்திற்று, தும்மிற்று, படியில் இடறிற்று.

கதை எளியது. இளைஞன் வாடகைக்கு எடுத்த அறையின் சன்னலுக்கு வெளியே வெறுஞ்சுவர் ஒன்றே தெரிகிறது. வீட்டுக்காரர் மகளைத் தன் அறைக்கு அழைத்து அழகிய தோட்டம் காட்டவேண்டும் என்று ஆசைகொண்டு, அச்சுவரில் தோட்டம் தீட்ட ஓர் ஓவியனை அமர்த்துகிறான். அடுத்த அட்டை ஒளிர்ந்தது. "ஓவியன். நடிப்பவர், வடசாளரத்தார்."

ஜசிந்தா தந்தையின் கையை இறுகப் பற்றினாள். இரு பெயரும் ஒரே படத்தில்! இரு வேடங்களையும் அவனே கட்டுகிறான், தன் கூற்றுக்குச் சான்று கிடைத்துவிட்டது என்றே அந்நொடியில் அவள் நம்பினாள்.

சுவரோரம் ஏணியில் நின்றவன் திரும்பினான். நெடியவன், ஒடுங்கிய முகத்தான், மூக்குக்கண்ணாடி அணிந்தவன். கீழே லியாங் நின்று கையை ஆட்டி அவனை ஏசினான். இருவரும் ஒரே சட்டகத்தில் இருந்தனர்.

அலோசியஸ் மகள் பக்கம் சாய்ந்து மெல்லக் கேட்டார்.

"பிள்ளை, இது ரெண்டு பேர் எல்லோ?"

"இல்லை, அப்பா. அந்தக் காலத்திலை ஒரே பிலிமிலை ரெண்டு தரம் எடுப்பினம். பாதியை மூடிப்போட்டு ஒருக்கா, மற்றப் பாதியை மூடிப்போட்டு ஒருக்கா. நடுவிலை ஒரு கோடு தெரியும். பாருங்கோ."

அவள் கோட்டைத் தேடினாள். ஏணிக்கும் சன்னலுக்கும் இடையே அது இருக்கவேண்டும். உயரத்தைப் பலகையேற்றிக் கூட்டலாம். முகத்தை மாவாலும் மயிராலும் மாற்றலாம். கோடு மட்டும் இருந்துவிட்டாற் போதும். அப்பொழுது ஓவியன் ஏணியிலிருந்து இறங்கினான். ஏசிக்கொண்டிருந்த லியாங்கின் மோவாயை ஒரு கையாற் பிடித்து, மறுகைத் தூரிகையால் அவன் மேலுதட்டில் மீசை வரைந்தான். லியாங் அவன் மணிக்கட்டைப் பற்றித் திருகினான். வேடத்தை மறந்து இருவரும் உண்மையாகவே சிரித்துவிட்டது தெளிவாய்த் தெரிந்தது. இருவர் தோள்களும் முட்டிக்கொண்டன. அத்தோடு சுருள் முடிந்து, அதன் வால் கருவியில் படபடவென்று அடித்தது.

மீண்டும் ஓட்டச் சொன்னாள். சகோதரர் ஓட்டினார். கோடு இல்லை. ஒருவன் கை மற்றவன் முகத்தைத் தொட்ட இடத்தில் எக்கோடும் நிற்க இயலாது.

"இனிய நகைச்சுவை" என்றார் எங்கல்பெர்ட் சகோதரர், விளக்கைப் போட்டபடி. "நீங்கள் தேடியவர் இருந்தாரா?"

"இருந்தார்" என்றாள் ஜசிந்தா.

நெடுஞ்சாலையில் திரும்புகையில் அலோசியஸ் வெகுநேரம் பொறுத்துப் பார்த்தார்.

"ஒருவேளை அந்தக் கண்ணாடிக்காரன் வேறை ஆரோவா இருக்கும். பேரைச் சும்மா அவனுக்குப் போட்டுவிட்டிருப்பாங்கள்."

"அப்பா, அந்த அட்டையை எழுதினதே வடசாளரத்தார். தன்ரை பேரை ஏன் இன்னொராளுக்குக் குடுக்கிறார்?"

"ஏன், சவிரிமுத்தண்ணை எனக்குக் குடுக்கேல்லையே?"

"அது பாஸ்போட். இது படம்."

"பாஸ்போட் பொய் சொல்லும், படம் சொல்லாதோ? நல்ல கதை."

ஜசிந்தா கண்ணாடிப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். டூயிஸ்புர்க் கடந்ததும் அவர் மீண்டும் தொடங்கினார். இம்முறை குரலில் நகை இல்லை.

"அப்ப ஒராளாலை எல்லாத்தையும் செய்ய ஏலாது எண்டுறியோ?"

"நான் அப்பிடிச் சொல்லேல்லை."

"பின்னை வேறையென்ன சொல்லுறாய்?"

அவளுக்குச் சினம் மூண்டது. தந்தைமேல் மூண்டது; கேவலாரில் வாகனங்களுக்கு இடங்காட்டிய கிழவர்மேல் மூண்டது; எல்லாரினும் மேலாக லியாங் யுன்ஷெங்மேல் மூண்டது. ஒரு தனி ஆளாய் இருந்துதொலைக்க அவனால் முடியவில்லையே!

வீட்டில் பேர்பெச்சுவா செய்தியைக் கேட்டுவிட்டுக் கறியைக் கிளறினார். "ரெண்டு பேரெண்டால் ரெண்டு பேரெண்டு எழுதன். இதுக்கேன் செத்தவீடு மாதிரி இருக்கிறியள்? அவங்கள் என்ன உன்னைப் பொம்பிளை கேட்டே வந்தவங்கள்?"

எழுதுவது அத்துணை எளிதாய் இருக்கவில்லை. ஆய்வேடு ஏறத்தாழ முடிந்திருந்தது. சமர்ப்பிக்கும் நாளும் அணித்தாயிருந்தது. ஜசிந்தா ஓல்டன்டோர்ஃப் அம்மையாரிடம் சென்று நடந்ததைக் கூறினாள். அம்மையார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசைமீது வைத்தார்.

"தலைப்பை மாற்ற இயலாது. அது உங்களுக்குத் தெரியும்."

"தெரியும்."

"ஒரு மடத்து உணவறையில் ஒரு துண்டுச் சுருள். அதை எவரும் முறைப்படி ஆராயவில்லை. எந்தக் காப்பகத்திலும் அது பதிவாகவில்லை. நீங்கள் அதைப் பார்த்திராவிட்டால்?"

"ஆனால் பார்த்துவிட்டேனே."

"ஆய்வேட்டைச் சமர்ப்பியுங்கள். இந்தச் சுருளை முனைவர்பட்ட ஆய்வில் எடுத்துக்கொள்வோம். அங்கே காலமும் உண்டு, இடமும் உண்டு. இப்பொழுது இதைச் சேர்த்தால், தன் தலைப்பையே மறுக்கும் ஓர் ஆய்வேட்டுக்கு நான் புள்ளியிட வேண்டிவரும். அதைக் காட்டி உங்களுக்கு அந்த இடத்தை என்னால் கேட்க முடியாது."

அவர் கொடியவர் அல்லர். களைத்தவர், மாணவி ஒருத்தி தன் வாழ்வைத் தானே கெடுத்துக்கொள்வதைக் காண விரும்பாதவர். அவர் சொன்னதிற் பொய்யும் பெரிதாய் இல்லை. அதுவே ஜசிந்தாவுக்கு மேலும் எரிச்சலூட்டிற்று.

அன்றிரவு சோற்றுக்கு முன்னே தந்தையும் அதையே சொன்னார்.

"மனிசி சரியாத்தான் சொல்லுது. இப்ப குடு. உள்ளுக்குப் போ. பிறகு ஆறுதலாத் திருத்து."

"பிறகு ஒருத்தரும் திருத்தமாட்டினம், அப்பா. புத்தகத்திலை ஒருக்கா ஏறினால் ஏறினதுதான்."

"ஏறட்டுமே. ஆருக்கு நட்டம்?"

"அந்தக் கண்ணாடிக்காரருக்கு. அவர் எழுதினதும் கீறினதும் எல்லாம் லியாங்கின்ரை எண்டு நான் எழுதி வைச்சிருக்கிறன்." அவள் கரண்டியை வைத்தாள். "நீங்கள் சவிரிமுத்து எண்ட பேரிலை வேலை செய்த வருசங்களைப் பென்சனிலை சேர்க்கச் சொல்லி எத்தினை விண்ணப்பம், எத்தினை ஆன்ட்ராக் போட்டனீங்கள்? இப்பவும் சேர்க்கேல்லை. அவருக்கு ஆர் ஆன்ட்ராக் போடுறது?"

அலோசியஸின் முகம் கறுத்தது. அவ்வாண்டுகளின் உழைப்பு முழுவதும், இப்பொழுது கனடாவில் இருக்கும் அத்தமையன் பெயரில், ஜெர்மனியின் ஏதோவோர் அலுவலகத்தில் கேட்பாரற்றுக் கிடப்பது அவர் வாழ்வின் தீராத கொதிப்பு. அதைச் சோற்றுக்கோப்பைக்கு முன்னே இழுத்தது அவருக்குப் பொறுக்கவில்லை.

"நான் உயிரோடை இருக்கிறன், பிள்ளை. எனக்குக் காசு தேவை. அவன் செத்து மண்ணாப் போனவன். அவனுக்கு என்ன தேவை?" என்று கூறி எழுந்து போனார்.

அதன்பின் ஜசிந்தா எழுதியது எழுத்து அன்று, அறுவை. ஒவ்வொரு பத்தியையும் எடுத்து, இது யாருடையது என்று வினவி, ஒன்றை இருகூறாய்ப் பிளந்தாள். பிளக்கப் பிளக்க அவள் வல்லான் சிறுத்தான். கதை போயிற்று. ஓவியம் போயிற்று. ஒரே கையின் எழுத்து என்று அவள் களித்த கையொப்பமும் எதிர்ச்சான்றாயிற்று. லியாங் தன் பெயரை எழுதவும் நண்பனை நாடினான் என்றே அதற்குப் பொருள்கொள்ள நேர்ந்தது. எஞ்சியவன், சில வேடங்களில் நன்றாயும் சிலவற்றில் சுமாராயும் நடித்து, இயக்கிய படங்களால் இதழாசிரியரிடம் ஏச்சு வாங்கிய ஒரு சாதாரண நடிகன். மறுபுறம் நின்றவரோ இயற்பெயரும் இல்லாதவர்; எல்லாவற்றையும் செய்தவர் அல்லர்; சிலவற்றைச் செய்துவிட்டு மறைந்தவர். இருவரில் எவர்மீதும் அவளுக்கு அன்பு எழவில்லை. அவள் நேசித்தவன் இவர்களுள் இல்லை.

சமர்ப்பிக்கும் நாளுக்கு முன்தினம் அச்சுக்கடைக்குச் சென்றாள். அவள் கொண்டுபோன தகட்டில் இரு கோப்புகள் இருந்தன: ஒன்று பழையது, ஒன்று புதியது. கடைக்காரர் கணினித் திரையைப் பார்த்து, "இரண்டுக்கும் ஒரே தலைப்பு இருக்கிறதே. எதை அச்சிட?" என்றார்.

ஜசிந்தா திரையை நோக்கிக் குனிந்து இரண்டையும் மாறிமாறிப் பார்த்தாள். பின்னே வரிசையில் நின்றவர் பெருமூச்செறிந்தார். பழையது அழகாய் இருந்தது. வாசிப்போரை இழுத்துச் செல்வதாய் இருந்தது. அவளுடைய வருங்காலம் அதற்குள் இருந்தது. புதியதில் இருந்தது மோவாயைப் பிடித்து மீசை வரைந்த ஒரு கை மட்டுமே. அந்தக் கை லியாங்கின் கை அன்று. அதை அவள் கண்டுவிட்டாள்.

"புதியதை" என்றாள்.

அட்டையில் பதிந்த தலைப்பு அப்படியே இருந்தது. முன்னுரையின் முதல் வரியோ, அத்தகைய கலைஞர் ஒருவர் இருந்ததில்லை என்று கூறிற்று. அம்மையார் சொன்னதைச் செய்தார். ஆய்வேடு தேறிற்று, தேறுவதற்கு வேண்டிய கடைசிப் படியில் நின்று தேறிற்று. 'தலைப்பில் வாக்களித்ததை நிறைவேற்றவில்லை' என்பது மதிப்பீட்டின் சாரம். முனைவர்பட்ட இடம் வேறொரு மாணவருக்குச் சென்றது. ஜசிந்தா டூயிஸ்புர்க் துறைமுகத்தில், சீனத்திலிருந்து வரும் கொள்கலன்களுக்குத் தாள்வேலை செய்யும் நிறுவனம் ஒன்றிற் சேர்ந்தாள். பிளாஸ்டிக் வாளிகளுக்கும் தோட்டத்து நாற்காலிகளுக்கும் அவள் கற்ற சீனம் போதியதற்கு மேலாகவே இருந்தது. அவளுடைய ஆய்வேட்டை நூலகத்தில் எடுத்துப் பார்த்தவர் எவரும் இலர்.

தந்தையோடிருந்த பிணக்கு சொல்லின்றியே ஆறிற்று. மகள் பட்டம் பெற்றாள் என்பது ஒன்றே அலோசியஸுக்குப் போதுமாயிருந்தது. புள்ளி என்ன என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் ஊராருக்குச் சொல்லியிருக்கமாட்டார். இளவேனிலில் பங்கு மண்டபத்தை எடுத்து விருந்து வைத்தார். பட்டதாரித் தொப்பி வடிவில் ஒரு கேக் வந்திருந்தது. டோர்ட்மண்ட் தமிழருட் பெரும்பாலார் வந்திருந்தனர். உண்டு முடியும் தறுவாயில் அலோசியஸ் ஒலிவாங்கியைக் கையிலெடுத்தார்.

"என்ரை மகள் ஆரைப்பற்றிப் படிச்சவ எண்டு உங்களுக்குத் தெரியவேணும்" என்று தொடங்கினார். "சீனாவிலை ஒரு மனிசன் இருந்தவர். ஒரே மனிசன்! கதை எழுதினதும் அவர், நடிச்சதும் அவர், சீலை கீறினதும் அவர்..."

ஜசிந்தா நாற்காலியிலிருந்து எழுந்தாள். "அப்பா! அது ரெண்டு பேர்!"

மண்டபம் திரும்பிப் பார்த்தது. அலோசியஸ் ஒருகணம் நின்றார். பின்பு, மகளை நோக்காமலே, ஒலிவாங்கியை வாய்க்கு அருகே கொண்டுசென்றார்.

"பாத்தியளே? ரெண்டு பேரின்ரை வேலையை ஒராள் செய்தவர்! அதைத்தான் பிள்ளை சொல்லுது!"

கரவொலி எழுந்தது. "இராசண்ணை, நீங்கள் நாலு பேரின்ரை செய்யிறியள்!" என்று எவரோ கூவினர். சிரிப்பு மண்டபத்தை நிறைத்தது. அலோசியஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டு தொடர்ந்தார். முனைவர்பட்ட இடத்தை இழந்து ஓர் ஏட்டில் அவள் பிரித்துவைத்த இருவரை, அவர் ஒரே மூச்சில் மீண்டும் ஒருவராக்கிவிட்டார். ஏட்டைப் படித்தவர் தேர்வாளர் இருவர் மட்டுமே. இங்கே இருநூறு பேர் கைதட்டினர். இனி இவர்களுள் எவரிடமும் வேறு கதை செல்லாது. ஜசிந்தா இன்னொருமுறை வாய்திறந்தாள், மூடினாள், அமர்ந்தாள்.

பக்கத்து நாற்காலிக்குப் பாடகர்குழுவின் டொறத்தி அன்ரி கேக் தட்டோடு வந்து சேர்ந்தார். அவர் கண்களும் கலங்கியிருந்தன.

"என்ன மாதிரி மனிசன், பிள்ளை! இப்பவும் இருக்கிறாரோ?"

"இல்லை, அன்ரி."

"எப்ப மோசம் போனவர்?"

ஜசிந்தா சற்று எண்ணினாள். "போன செப்டெம்பரிலை" என்றாள்.

"ஐயோ, இப்பத்தானே! எங்கை வைச்சு?"

"கேவலாருக்குக் கிட்ட."

"மாதாவின்ரை காலடியிலை! குடுத்துவைச்ச ஆத்துமம்." டொறத்தி அன்ரி சிலுவை அடையாளம் இட்டுக்கொண்டார். "ஃபாதரிட்டைச் சொல்லி அவருக்கு ஒரு பூசை ஒப்புக்குடுப்பம். பேரைச் சொல்லு."

"ரெண்டு பேர் இருக்கு, அன்ரி."

"அதுக்கென்ன? ரெண்டையும் சொல்லு. ஒரு ஆளுக்குத்தானே, ஒரு பூசை காணும்."

ஜசிந்தா அவரை நிமிர்ந்து பார்த்தாள். இந்த முகத்துக்கு எங்கிருந்து தொடங்கி விளக்குவது என்று தெரியவில்லை. ஷாங்ஹாய் நூலகத்திலிருந்தா, மேசைவிரிப்பில் விழுந்த ஒளியிலிருந்தா? மேடையில் தந்தை ஓவியச்சீலையின் அளவைக் கைவிரித்துக் காட்டிக்கொண்டிருந்தார்.

அவள் இரண்டு பெயரையும் சொன்னாள். டொறத்தி அன்ரி அவற்றை உதட்டுக்குள் உருப்போட்டபடி, மீதிக் கேக்கை அவள் மடியில் வைத்துவிட்டு, ஃபாதரைத் தேடி எழுந்து போனார்.